மையால் வரைந்த மீசை

அக்கா பேரனுக்குப் பள்ளியில் மாறுவேடப் போட்டி. கண்மையால் மீசை வரைகிற வேலை எனக்கு. கட்டபொம்மன் மீசை எப்படியிருக்கும் என்று யோசிக்கவேயில்லை, கை தன்பாட்டுக்குப் போயிற்று. தள்ளி நின்று பார்த்தால், அது சிவாஜி கணேசனின் மீசை.

நிஜ மீசையை யார் கண்டது? கயத்தாறில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட 1799-இல் உலகத்தில் புகைப்படமே கிடையாது. முகமில்லாமல் கிடந்த அந்தப் பெயருக்கு 1959-இல் வந்த படத்தில் சிவாஜி தன் முகத்தைக் கொடுத்தார். அதற்கு முன்பே மேடையில் அந்த வேடத்தைப் போட்டுப் போட்டு ஊறியிருந்தார். சக்தி கிருஷ்ணசாமியின் வசனம் வேறு. இன்றும் மீசை வைத்தவுடன் பிள்ளைகளுக்குக் குரல் தானாக ஏறிவிடுகிறது.

ஆனால் எனக்கு சிவாஜியின் சரித்திர வேடங்களில் உயர்ந்தது கர்ஜனை இல்லாத ஒன்று. இரண்டே ஆண்டு கழித்து, கட்டபொம்மன் படத்தை இயக்கிய அதே பந்துலு எடுத்த ‘கப்பலோட்டிய தமிழன்’. அதன் நாயகர் வ.உ.சி.க்குப் புகைப்படம் உண்டு. அவர் மறைந்தது 1936-இல்தான். நேரில் பார்த்தவர்கள் கொட்டகைக்கு வருவார்கள். இட்டு நிரப்ப இடமில்லை. சிவாஜி தன்னைக் குறைத்துக்கொண்டார். படம் ஓடவில்லை என்பதில் எனக்கு இன்னும் ஆற்றாமை உண்டு.

சிறையிலிருந்து வெளியே வருகிற காட்சி. ஒரு காலத்தில் தனக்காக ஊரே திரண்டு நின்ற மனிதரை வரவேற்கக் கூட்டம் இல்லை. தொழுநோயில் உருக்குலைந்த தோழர் சுப்பிரமணிய சிவா காத்திருக்கிறார். படம் வந்தபோது சிவாஜிக்கு வயது 33. கட்டபொம்மனில் அத்தனை அகலமாக விரிந்த மார்பு இதில் எங்கே போயிற்று? தோள் இரண்டும் முன்னால் விழுந்து, சிறையில் இழுத்த செக்கை விட்ட பிறகும் அதன் பாரம் இறங்காத மாதிரி இருக்கிறது.

தூத்துக்குடியில் பள்ளி மைதானத்தில் திரை கட்டி அந்தப் படத்தைப் போட்டார்கள். நான் தாத்தாவோடு மணலில் உட்கார்ந்திருந்தேன். சின்ன வயதில் வ.உ.சி.யைத் தெருவில் பார்த்தவர் அவர். அப்போது எனக்கு அது தெரியாது. படம் ஓடும்போது தொணதொணவென்று பேசுகிறவர், அந்தச் சிறைவாசல் காட்சியில் பேச்சை நிறுத்திவிட்டார். திரும்பிப் பார்த்தேன். துண்டின் நுனியை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு நடக்கும்போது பாதி வழியில் நின்று சொன்னார்: “தோளு அப்படித்தாம்ல இருந்துச்சு.”