உறுதியில் விடுபட்ட வரி

யாழ்ப்பாணத்துக் காணி உறுதியொன்றின் அட்டவணை, காணியின் பெயர், விஸ்தீரணம், நாற்றிசை எல்லைகள் என ஒழுங்காக வந்து, நிலம், வீடு, பனை, தென்னை, கிணற்றுப் பங்கு, வழிவாய்க்கால் என முடிவுறும். பலரும் வெறும் சடங்கெனக் கருதும் இவ்விறுதிச் சொற்களிலேயே ஒரு குடும்பத்தின் நீரும் நடைவழியும் அடங்கியுள்ளன. அவை விடுபட்டுப் போகுமிடத்துத்தான் அவற்றின் பெறுமதி புலனாகின்றது.

வடமராட்சிக் கிராமமொன்றில் வாழ்ந்த ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் இவ்வுண்மையை எழுபது வயதின் பின்னரே உணர்ந்தார். 1964ஆம் ஆண்டு தந்தையார் அவருக்கு எழுதிய சீதன உறுதியில் ஆறு பரப்புக் காணியும் அதன் எல்லைகளும் பிழையின்றி இருந்தன. தமையனாரின் காணியில் அமைந்த கிணற்றிலே அவருக்குரிய அரைப்பங்கும், அங்கிருந்து வரும் வாய்க்காலும் மட்டும் எழுதப்படவில்லை. தமையனாரின் உறுதியோ, கிணற்றில் அவருக்கு அரைப்பங்கே எனத் தெளிவாகக் கூறியது. மற்றைய அரைப்பங்கு எவருக்கென எந்த உறுதியும் கூறவில்லை.

நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அக்குறை எவருக்கும் உறைக்கவில்லை. இரு குடும்பத்தாரும் முறைவைத்து நீர் இறைத்தனர். போர்க்காலத்தில் இடம்பெயர்ந்து மீண்டபோதும் அம்முறை மாறவில்லை. தமையனார் மறைந்தபின், வெளிநாட்டிலிருந்த அவர் மகன் காணியை விற்க முற்பட்டான். வாங்க வந்தவர் உறுதிகளைப் பார்த்துவிட்டு, அயற்காணிக்குக் கிணற்றில் உரித்தில்லை என்றார். ஆசிரியையின் வெங்காயத் தோட்டத்துக்கோ வேறு நீரில்லை.

காணிப் பதிவகத்துக்குச் சென்று ஒரு வரியைச் சேர்ப்பித்தாற் போதுமென அவர் எண்ணினார். ஆயின், சட்டத்தின் நிலை வேறு. 1927ஆம் ஆண்டின் 23ஆம் இலக்க ஆவணங்கள் பதிவுக் கட்டளைச் சட்டத்தின் கீழ்ப் பதியப்படுவது உறுதியேயன்றி உரித்தன்று. பதிவானது உறுதிகளுக்கிடையே முந்துரிமையை அளிக்குமேயன்றி, உறுதியிலுள்ள குறையைத் தீர்க்காது. மேலும், காணிக் கைமாற்றம் நொத்தாரிசு முன்னிலையில் இரு சாட்சிகளுடன் எழுதப்படல் வேண்டுமென 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் விதித்துள்ளது. ஆகவே, அலுவலர் எவரும் தம் பேனாவால் அவ்வரியைச் சேர்த்தல் இயலாது. எழுதிக் கொடுத்தவரும் பெற்றவரும் ஒப்பமிட்டுத் திருத்த உறுதி முடித்தல் வேண்டும். கொடுத்தவர் இறந்திருப்பின் அவருடைய உரிமைவழியினர் ஒப்பமிடல் வேண்டும். அன்றேல் நீதிமன்றத்தை நாடவேண்டும். பத்தாண்டுக்கு மேற்பட்ட பாவனையைக் காட்டி வழக்காடச் சட்டத்தில் இடமுண்டு. ஆனால், அப்பாவனையைக் கண்டு சாட்சி கூறவல்லோரிற் பலர் மறைந்துவிட்டனர். எஞ்சியோர் கடல்கடந்து சென்றுவிட்டனர்.

இவ்வகைப் பிழையின் கொடுமை ஈண்டு மனங்கொள்ளத்தக்கது. பிழையைத் திருத்த வேண்டிய கையொப்பம், அப்பிழையால் நயம்பெறுவோன் கையிலேயே இருக்கின்றது. முழுக் கிணற்றோடு விற்றால் விலை கூடும் என்பதை மகன் அறிவான். அவன் தயங்கினான்.

அத்தயக்கத்தை நீக்கியவர், கணவரின் வீட்டிலேயே தங்கியிருந்த அவன் தாயார். "வாய்க்காலிலை தண்ணி ஓடினதை நான் கண்டனான், தம்பி. கடுதாசியிலை இல்லையெண்டால் அது ஓடேல்லையே?" எனத் தொலைபேசியில் அவர் வினவினார். சில மாதங்களின் பின் மகனிடமிருந்து அற்றோணித் தத்துவம் வந்துசேர்ந்தது. திருத்த உறுதி முடிந்தது. காணியும் குறைந்த விலைக்கே விலைப்பட்டது.

ஒப்பமிடுமுன் நொத்தாரிசு உறுதியை வாசித்தபோது, ஆசிரியை மூக்குக்கண்ணாடியை அணிந்துகொண்டு, 'வழிவாய்க்கால்' என்னும் சொல் வரும்வரை வரிவரியாக விரலோட்டிச் சென்றார். 1964இலும் உறுதி வாசிக்கப்பட்டதாம். அன்று மணவீட்டுப் பரபரப்பில் எத்தனை பரப்பு என்பதை மட்டுமே எல்லோரும் செவிமடுத்தனராம்.

அந்தத் தாயாரும் இப்போது இல்லை. அவர் மறைந்தபின் அப்பிழை கண்டுபிடிக்கப்பட்டிருப்பின் அதைத் திருத்த எவர் முன்வந்திருப்பர் என்பது ஐயமே. பெட்டியின் அடியிற் கிடக்கும் உறுதிகளை, காணியையும் கிணற்றையும் கண்ணாற் கண்ட முதியோர் உயிருடன் இருக்கும்போதே எடுத்து, அவர்கள் முன்னிலையில் இறுதிவரி வரை வாசித்துப் பார்த்தல் நம்மவர் ஒவ்வொருவருக்கும் கடனாகும்.