அமிர்தி ஆற்று மணலில் ஒரு கோட்டை

வேலூரைப் பற்றி ஒரு பழைய வசனம் உண்டு. "அரசன் இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில், தண்ணீர் இல்லாத ஆறு, மரம் இல்லாத மலை" என்று அடுக்கிக்கொண்டே போவார்கள். இதில் சாமி இல்லாத குறை 1981-ஆம் வருஷம் தீர்ந்துவிட்டது. கோட்டைக்குள் இருக்கும் ஜலகண்டேசுவரர் அந்த வருஷம் மீண்டும் தம்முடைய சந்நிதியில் எழுந்தருளினார். கோட்டைக்கு அரசன் இனிமேல் வரப் போவதில்லை. பாலாற்றைப் பற்றியோ கேட்கவே வேண்டாம். மரம் உள்ள மலையை மட்டும் பார்த்துவிடலாம். அதற்கு வேலூரிலிருந்து சுமார் 25 கிலோமீட்டர் போக வேண்டும். ஜவ்வாது மலை அடிவாரத்தில் உள்ள அந்த இடத்துக்கு அமிர்தி என்று பெயர்.

பெங்களூரிலிருந்து நாங்கள் நால்வரும் வேலூரில் இருக்கும் பெரியப்பா வீட்டுக்குப் போயிருந்தோம். வழியில் ஆம்பூரில் காரை நிறுத்தினோம். அங்கே நிறுத்துவதற்கு இரண்டு காரணங்கள்தான் இருக்க முடியும். ஒன்று செருப்பு, மற்றொன்று பிரியாணி. இவர் இரண்டையும் முடித்துக்கொண்டுதான் புறப்பட்டார். இரண்டு பக்கமும் மலை நெருங்கி வரும் அந்த ஊரைப் பற்றி வேறு எதுவும் எங்களுக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டியது நிறைய இருந்தது என்பதை மறுநாள்தான் அறிந்தோம்.

பெரியப்பா முப்பது வருஷம் சரித்திர வாத்தியாராக இருந்தவர். ஓய்வு பெற்றது பள்ளிக்கூடத்திலிருந்துதான், சரித்திரத்திலிருந்து அல்ல. மறுநாள் காலை அமிர்திக்குக் கிளம்பியவர், "வழியில் கோட்டையை ஒரு சுற்றுப் பார்த்துவிட்டுப் போகலாமே" என்றார். கோட்டை வழியில் இல்லை என்பது பெரியம்மாவுக்குத் தெரியும். ஆனாலும் அவள் ஒன்றும் சொல்லவில்லை. சாப்பாட்டுத் தூக்குகளைக் காரில் ஏற்றுவதிலேயே கவனமாக இருந்தாள்.

பதினாறாம் நூற்றாண்டில் விஜயநகர ஆட்சியின்கீழ் சின்ன பொம்மி நாயக்கர் காலத்தில் எழுந்த கோட்டை அது. கருங்கல் மதில்கள், உருண்டைக் கொத்தளங்கள், சுற்றிலும் அகலமான அகழி. அதில் அன்று காலை வெயில் பட்டு நீர் தகதகவென்றிருந்தது. ஒரு காலத்தில் அதில் முதலைகளை விட்டு வைத்திருந்தார்களாம். அதைக் கேட்டதும் என் பெண் இவர் கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். பையன் மட்டும் உருண்டைக் கொத்தளங்களை ஒன்று, இரண்டு என்று எண்ணிக்கொண்டே வந்தான்.

கணியம்பாடி வழியாகத் திரும்பி, கிராமங்களைத் தாண்டிப் போகப் போகக் காற்றே மாறிவிடுகிறது. மூங்கிலும் புதரும் அடர்ந்த காடு. நடுவே மணலும் பாறையுமாக ஓர் ஆறு. மேலே ஏறினால் அருவி. மழைக்காலத்துக்குப் பிறகு போனால் அருவியில் தண்ணீர் உண்டு. கோடையில் போனால் அருவி இருந்த இடத்தைப் பார்த்துவிட்டு வரலாம். 1967-இல் ஏற்பட்ட சிறிய மிருகக்காட்சிச் சாலையும் இங்கே இருக்கிறது. புள்ளிமானும் மயிலும் குழந்தைகளை ஒரு மணி நேரம் சும்மா இருக்கவைத்தன. பிறகு எல்லோரும் ஆற்றங்கரைக்கு வந்தோம்.

ஈர மணலைக் கண்டால் குழந்தைகள் என்ன செய்யும்? பையன் கோட்டை கட்ட ஆரம்பித்தான். காலையில் பார்த்தது போலவே நான்கு பக்கம் மதில், மூலைக்கு ஓர் உருண்டைக் கொத்தளம், சுற்றி அகழி. அகழிக்குள் தண்ணீர்கூட ஊறிவிட்டது. பெரியப்பா வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தார்.

"பீரங்கி வருவதற்கு முன்னால் இது பிரமாதமான கோட்டை, அப்பா. வந்த பிறகு இதில் ஒரு குறை தெரிந்தது. உன் கொத்தளம் உருண்டையாக இருக்கிறது அல்லவா? அதன் மூக்குக்கு நேர் கீழே ஒருவன் வந்து ஒட்டிக்கொண்டால், பக்கத்துக் கொத்தளத்தில் இருக்கிறவனுக்கு அவன் கண்ணில் படமாட்டான். மேலே இருக்கிறவனோ எட்டிப் பார்த்தால் தலை போய்விடும். அவன் நிம்மதியாக அங்கே குழி தோண்டி, மருந்து வைத்து, மதிலைப் பிளந்துவிடுவான்."

"அப்படியானால் என்ன செய்வது, தாத்தா?"

பெரியப்பா உருண்டையை அழித்துவிட்டு, ஈட்டி முனை போலக் கூராக ஒரு கொத்தளம் பிடித்தார். அந்த முனையின் இரண்டு பக்கங்களும் அடுத்த கொத்தளத்திலிருந்து பார்த்தால் நன்றாகத் தெரிந்தன. ஒளிந்துகொள்ள ஒரு மூலைகூட இல்லை. மதிலையும் உயரத்தைக் குறைத்து, பின்னால் மண்ணைக் கொட்டித் தடிப்பாக்கினார். கல் மதிலில் குண்டு பட்டால் கல் சிதறும். மண்ணில் பட்டால் பஞ்சு மூட்டையில் புதைவது போலப் புதைந்துவிடும். ஐந்து முனைகளும் முடிந்தபோது என் பெண் கையைத் தட்டினாள்.

"பாட்டி போடுகிற நட்சத்திரக் கோலம்!"

உண்மைதான். இந்தக் கோலத்தை முதலில் போட்டவர்கள் இத்தாலிக்காரர்கள். ஆனால் அதை ஒரு சாஸ்திரமாகவே ஆக்கியவர் பிரான்ஸில் பதினான்காம் லூயி மன்னரிடம் இருந்த வோபான் என்பவர். 1633-இல் பிறந்து 1707-இல் மறைந்த இவர் கோட்டை கட்டுவதிலும் நிபுணர், கோட்டையைப் பிடிப்பதிலும் நிபுணர். சமையல் செய்கிறவளே சாப்பிட்டுக் குற்றம் சொல்வதிலும் கெட்டிக்காரியாக இருப்பது போல!

கோட்டையைப் பிடிக்க அவர் செய்த வழியைப் பெரியப்பா ஒரு சுள்ளியால் மணலில் கீறிக் காட்டினார். முதலில், குண்டு சுலபமாக எட்டாத தூரத்தில் மதிலுக்கு இணையாக ஒரு நீண்ட குழி. அதிலிருந்து வளைந்து வளைந்து முன்னேறும் குழி. நேராக வெட்டினால் மதிலில் இருக்கிறவன் அதன் நீளத்துக்கும் சுட்டுவிடுவானே, அதனால் வளைவு. பிறகு இரண்டாவது இணைக்குழி. மறுபடியும் வளைவு. மூன்றாவது இணைக்குழி அகழிக்கரைக்கே வந்துவிடும். 1673-இல் மாஸ்டிரிக்ட் என்ற கோட்டையை இந்த முறையில் குழி தோண்ட ஆரம்பித்துப் பதின்மூன்றே நாட்களில் பிடித்துவிட்டார்கள்.

"இதற்கெல்லாம் என்ன சாமான் தெரியுமா?" என்று பெரியப்பா எதிர்க் கரையில் இருந்த மூங்கிற் புதர்களைக் காட்டினார். "கூடை! சுள்ளிக் கட்டு! கூடைகளை முடைந்து, மண்ணை நிரப்பி, வரிசையாக வைத்து அதன் மறைவில்தான் தோண்டுவார்கள். பெரிய பெரிய தளபதிகளின் வெற்றியெல்லாம் கூடை முடைகிறவன் கையில் இருந்தது."

* * *

பிரெஞ்சுக்காரர்கள் இந்த வித்தையை நம் தேசத்துக்கும் கொண்டுவந்தார்கள். புதுச்சேரியில் பிரான்சுவா மர்த்தேன் கவர்னராக இருந்தபோது, 1702-இல் ஆரம்பித்து 1706-இல் ஐந்து முனைக் கோட்டை ஒன்றைக் கட்டி முடித்தார்கள். வோபான் முறையில் அமைந்த தூர்னே கோட்டையின் மாதிரி அது. இன்று புதுச்சேரியில் பாரதி பூங்காவில் உட்கார்ந்து வேர்க்கடலை சாப்பிடுகிறவர்கள் அந்தக் கோட்டை இருந்த இடத்தில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.

1748-இல் ஆங்கிலேய அட்மிரல் பாஸ்காவன் அதை முற்றுகையிட்டார். வந்தவர் கப்பல் விஷயத்தில் சூரர். குழி விஷயத்தில் அனுபவம் போதாது. முதற்குழியை மதிலுக்கு 1,500 கஜத்துக்கு அப்பால் வெட்ட ஆரம்பித்தார். அது வழக்கத்தைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு தூரம். வெட்டி முன்னேறுவதற்குள் அக்டோபர் வந்துவிட்டது.

"ஐப்பசி மழையில் குழி வெட்டினால் தண்ணீர்தானே வரும்? ஊரில் ஒரு பொம்பளையைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பாளே!" என்றாள் பெரியம்மா. அதுதான் நடந்தது. மழையும் நோயும் சேர்ந்து, ஆயிரத்துக்கு மேற்பட்ட ஐரோப்பியர்களைப் பலிகொடுத்துவிட்டு அட்மிரல் திரும்பிப் போனார்.

அடுத்த வருஷம், 1749 ஆகஸ்டு 3-ஆம் தேதி, ஆம்பூர்! ஆர்க்காட்டு நவாப் அன்வருதீன் அந்த மலைகளுக்கு நடுவே வழியை அடைத்து, மண் அரண் எழுப்பி, பீரங்கிகளை வைத்துக் காத்திருந்தார். எதிரே சந்தா சாகிபும் முசாபர் ஜங்கும். அவர்களுக்குத் துணையாக ஒரு சிறிய பிரெஞ்சுப் படை. இரண்டு முறை பிரெஞ்சுக்காரர்கள் பாய்ந்தார்கள். இரண்டு முறையும் பின்வாங்கினார்கள். மூன்றாம் முறை அரண் விழுந்தது. யானைமேல் இருந்து போரிட்ட கிழ நவாப் குண்டு பட்டு இறந்தார். முந்தின நாள் நாங்கள் செருப்புப் பேரம் பேசிய ஊர்!

மறு வருஷம் செப்டம்பரில் பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி செஞ்சிக் கோட்டையை ஒரே இரவில் பிடித்தார். மொகலாயப் படை எட்டு வருஷம் கிடந்து பிடித்த கோட்டை அது. பிரெஞ்சுக்காரர்களைத் தடுக்கக்கூடிய மதில் தென்னாட்டில் இல்லை என்று எல்லோரும் பேசிக்கொண்டார்கள்.

* * *

வெயில் ஏறிவிட்டது. மர நிழலில் இலையைப் போட்டுப் புளியோதரையும் தயிர்சாதமும் பரிமாறினாள் பெரியம்மா. அப்போதுதான் அவள் அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

"முனை, மதில், குழி எல்லாம் சொன்னீர்களே. உள்ளே இருந்தவர்களுக்குச் சாப்பாடு? எத்தனை பேர், எத்தனை நாள், எத்தனை மூட்டை அரிசி? அதை யாரும் கணக்குப் போடவில்லையா?"

பெரியப்பா கையில் எடுத்த கவளத்தைக் கீழே வைத்துவிட்டார். "வோபான் போட்டார். எந்தக் கோட்டைக்கு எத்தனை வீரர், எவ்வளவு தானியம், எவ்வளவு மருந்து வேண்டும் என்று அட்டவணையே எழுதி வைத்தார். புதுச்சேரியில்தான் அந்தக் கணக்குத் தவறிவிட்டது."

1760 ஜனவரியில் வந்தவாசியில் பிரெஞ்சுத் தளபதி லாலி தோற்றார். ஜெயித்த ஆங்கிலேயத் தளபதி அயர் கூட் புதுச்சேரியை நோக்கி வந்தார். ஊரைச் சுற்றி வெகு தூரத்துக்குக் கள்ளியும் முள்ளுமாக ஒரு வேலி உண்டு. செப்டம்பரில் ஆங்கிலேயர் அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்கள். தரை வழியும் அடைபட்டது. கடலில் கப்பல்கள் காவல் நின்றன. அழகான ஐந்து முனைக் கோட்டைக்குள் அரிசி குறைந்துகொண்டே வந்தது.

நவம்பர் மாதக் கடைசியில் லாலி ஒரு முடிவு செய்தார். சண்டை போடாதவர்கள் சாப்பிடக் கூடாது. வெள்ளைக்காரர் வீட்டு வேலைக்காரர்கள் சிலரைத் தவிர, ஊரில் மிஞ்சியிருந்த நம்மவர்களையெல்லாம் வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினார். ஆணும் பெண்ணும் குழந்தைகளுமாக 1,400 பேர் என்று அந்நாளைய ஆங்கிலேய சரித்திர ஆசிரியர் ராபர்ட் ஓர்ம் எழுதியிருக்கிறார். அவர்கள் வேலியை நோக்கிப் போனார்கள். போகவிட்டால் உள்ளே இருக்கிறவர்களுக்கு அரிசி மிஞ்சிவிடுமே! ஆங்கிலேயர் தடுத்து விரட்டினார்கள். கோட்டைக்குத் திரும்பினால் அங்கிருந்தும் சுட்டார்கள். மதிலுக்கும் முள்வேலிக்கும் நடுவே, புல்லின் வேரைப் பிடுங்கித் தின்றுகொண்டு ஒரு வாரம் அந்த ஜனங்கள் கிடந்தார்கள். அதன் பிறகுதான் கூட் மனம் இரங்கி வழிவிட்டார்.

இலையில் யாரும் கை வைக்கவில்லை. "கைக்குழந்தைக்காரிகளும் இருந்திருப்பார்களே" என்று பெரியம்மா மெல்லச் சொன்னாள். அதற்குப் பெரியப்பா பதில் சொல்லவில்லை.

உள்ளே யானை, ஒட்டகம், நாய் வரைக்கும் உணவாயின. 1761 ஜனவரி முதல் தேதி ஒரு பெரும் புயல் அடித்து ஆங்கிலேயக் கப்பல்கள் சிலவற்றை அழித்தது. அப்போதும் பிரான்ஸிலிருந்து உதவிக் கப்பல் வரவில்லை. 16-ஆம் தேதி நகரம் பணிந்தது. அரிய நாட்குறிப்பு எழுதி வைத்த ஆனந்தரங்கப் பிள்ளை காலமானதும் அதே ஜனவரியில்தான். வென்றவர்கள் கோட்டையை இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். லாலியைப் பாரிஸில் விசாரித்து 1766-இல் சிரச்சேதம் செய்தார்கள். வோபானின் கோலம் தோற்கவில்லை. கோலத்துக்கு உள்ளே இருந்த குதிர் காலியாகிவிட்டது.

* * *

மாலையில் வேலூருக்குத் திரும்பும்போது மறுபடியும் கோட்டைப் பக்கமாக வந்தோம். காலையில் பார்த்த அதே மதில். ஆனால் இப்போது வேறு விதமாகத் தெரிந்தது. பெரியப்பா காரிலிருந்தபடியே கதையை முடித்தார்.

இந்த வேலூர்க் கோட்டை 1678-இல் மராட்டியரிடம் விழுந்ததும் மதில் இடிந்து அல்ல. சுமார் பதினான்கு மாத முற்றுகையில் பசியும் நோயும் சேர்ந்து செய்த வேலை அது. நூறு வருஷம் கழித்து, 1780 முதல் ஹைதர் அலி இதைச் சூழ்ந்துகொண்டார். உள்ளே இருந்த ஆங்கிலேயப் படை பட்டினியின் வாசலுக்கே போய்விட்டது. 1782 ஜனவரியில் வெளியிலிருந்து அரிசி வந்து சேர்ந்தது, கோட்டை தப்பியது. உருண்டைக் கொத்தளத்தின் குறையெல்லாம் அப்படியேதான் இருந்தது!

"அந்த அரிசியை வழியெல்லாம் சண்டை போட்டுக்கொண்டு வந்து சேர்த்த தளபதி யார் தெரியுமா?" என்று பெரியப்பா நிறுத்தினார். "அதே அயர் கூட். புதுச்சேரியில் அரிசியை அடைத்து ஜெயித்தவர், வேலூரில் அரிசியைக் கொடுத்து ஜெயித்தார். பாடம் அவருக்கு நன்றாகத் தெரிந்திருந்தது."

அகழியில் அந்தி வெளிச்சம் பரவியிருந்தது. பையன் கொத்தளங்களை எண்ணவில்லை. "அந்தக் கோட்டைக்குள் அரிசி எங்கே வைத்திருப்பார்கள்?" என்று கேட்டான்.

வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் பெரியம்மாவின் குரல் சமையலறையிலிருந்து கேட்டது.

"நாளைக்கு எத்தனை வேளை இருப்பீர்கள்? சொல்லிவிட்டால் அரிசியை அளந்து வைத்துவிடுவேன்."

இரண்டு நாள் என்று தீர்மானித்துத்தான் வந்திருந்தோம். இவர் என்னைப் பார்த்தார். நான் பெரியப்பாவைப் பார்த்தேன்.

"இன்னும் மூன்று நாள், பெரியம்மா" என்றேன்.