‘உங்க கொலசாமி எது?’ ஒரகடம் விடுதி அறைக்கு வந்த ஒரு கவிதை

ஒரகடம் பக்கத்தில் உள்ள அந்த விடுதி அறையில் ஆறு கட்டில்கள். கீழே மூன்று, மேலே மூன்று. தென்காசி, திருவண்ணாமலை, மயிலாடுதுறை, தருமபுரி என்று ஆளுக்கொரு ஊர். ஜன்னலோர மேல்கட்டிலில் இருப்பவளுக்கு 22 வயது. ராணிப்பேட்டை மாவட்டத்துப் பெண். பெயர் வேண்டாம். ஏன் வேண்டாம் என்பது போகப் போகப் புரியும்.

வந்து சேர்ந்த முதல் வாரத்திலேயே கீழ்க்கட்டில் அக்கா கேட்டுவிட்டார். தென்காசிக்காரர், வயது முப்பதை நெருங்குகிறது, அறையில் யாருக்குக் காய்ச்சல் என்றாலும் கஞ்சி வைத்துக் கொடுப்பவர். நல்ல மனுஷிதான். ஆனாலும் கேட்டார். சாதி என்ன என்று யாரும் நேராகக் கேட்பதில்லை, அது நாகரிகமில்லை அல்லவா? அதற்கு வேறு வழி இருக்கிறது.

“ஊர்ல எந்தத் தெரும்மா? அப்பா என்ன பண்றாரு? உங்க கொலசாமி எது?”

இந்த மூன்று கேள்விக்குள் ஆள் யாரென்று தெரிந்துவிடும். தமிழ்நாட்டில் எந்த மாவட்டத்துக்காரருக்கும் இது சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

“மெயின் ரோடு பக்கம்க்கா. அப்பா கம்பெனில இருக்காரு. சாமின்னா திருப்பதிதான் போவோம்.”

மூன்றுமே பொய் இல்லை. அவர்கள் காலனிக்கு மெயின் ரோட்டிலிருந்துதான் பிரிய வேண்டும். அப்பா வேலை பார்க்கும் டேனரியும் ஒரு கம்பெனிதான். உப்புப் போட்டு வரும் பச்சைத் தோலை இருபது வருடமாகத் தூக்கிப் போடுகிறார். எத்தனை முறை சோப்புப் போட்டாலும் அந்த வாசனை அவர் கையை விட்டுப் போகாது. திருப்பதிக்கும் ஒருமுறை போயிருக்கிறார்கள்.

அந்தப் பதிலோடு எட்டு மாதம் ஓடியது. அம்மா கொடுத்தனுப்பிய மாங்காய் ஊறுகாய் பாட்டில் அறையின் நடு ஷெல்ஃபில் இருந்தது. மெஸ் சாம்பார் அப்படி. எல்லோரும் அதிலிருந்துதான் எடுத்துக்கொண்டார்கள். ஞாயிற்றுக்கிழமை போனில் அம்மா “சாப்ட்டியா” என்று கேட்டதும் அடுத்துச் சொல்வது இதுதான்: “யார்கிட்டயும் எதையும் சொல்லிக்காதடி.”

கவிதை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வந்தது. ஊரில் கூடப் படித்த ஒருத்தி வைத்திருந்தாள். ஷிப்ட் முடிந்து, லாக்கரிலிருந்து போனை எடுத்துக்கொண்டு கம்பெனி பஸ்ஸில் உட்கார்ந்ததும் பார்த்தாள். சின்னக் கவிதை. பள்ளிக்கூடத்தில் வீட்டுத் தொழிலை, வீட்டுச் சோற்றை, சொந்த அப்பாவையே மறைத்து மறைத்து வளர்ந்த ஒரு சிறுமி. வாத்தியார் அப்பாவின் தொழிலைக் கேட்கும்போது பதில் சொல்ல முடியாமல் அடி வாங்குகிறாள். வளர்ந்த பிறகு, யாராவது கேட்டால் தன் சாதிப் பெயரைத் தயங்காமல் சொல்லிவிடுகிறாள். அவ்வளவுதான்.

ஒரகடம் கூட்டுரோட்டில் பஸ் நின்றுவிட்டுக் கிளம்பியது. அவள் அதே ஸ்டேட்டஸைத் திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தாள். கீழே எழுதியவர் பெயர் இருந்தது. சுகிர்தராணி.

தேடிப் பார்த்ததில் முதல் ஆச்சரியம், அவரும் ராணிப்பேட்டைக்காரர்! லாலாப்பேட்டையில் 1973-ல் பிறந்தவர். அரசுப் பள்ளியில் தமிழாசிரியர். சினிமாவிலோ, டி.வி. பட்டிமன்றத்திலோ பார்த்த முகம் இல்லை. காலையில் பள்ளிக்குப் போய் வருகைப் பதிவேட்டைத் திறந்து பெயர் கூப்பிடுகிற டீச்சர். அவளுக்கும் அப்படிப் பல டீச்சர்கள் பாடம் எடுத்திருக்கிறார்கள். அவர்களில் ஒருவர் வீட்டுக்குப் போய்க் கவிதை எழுதுவார் என்று அவள் நினைத்துப் பார்த்ததே இல்லை.

சுகிர்தராணியின் முதல் தொகுப்பு ‘கைப்பற்றி என் கனவு கேள்’ 2002-ல் வந்தது. அடுத்தது 2004-ல் ‘இரவு மிருகம்’. அந்தக் காலகட்டத்தை இன்றைய கல்லூரிப் பெண்களுக்குச் சொன்னால் நம்புவார்களா என்று தெரியவில்லை. சல்மா, குட்டி ரேவதி, மாலதி மைத்ரி, சுகிர்தராணி என்று பெண்கள் தங்கள் உடலைப் பற்றித் தாங்களே எழுத ஆரம்பித்ததும் பெரிய சண்டை வெடித்தது. குட்டி ரேவதி 2002-ல் ‘முலைகள்’ என்று ஒரு தொகுப்புக்குப் பெயர் வைத்ததற்கே அத்தனை வசவு. இவர்களையெல்லாம் அண்ணா சாலையில் நிற்க வைத்து மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்த வேண்டும் என்று திரைப் பாடலாசிரியர் ஒருவர் சொல்லும் அளவுக்குப் போனது. பெண்ணின் இடுப்பையும் மார்பையும் ஆண்கள் பாடினால் அது காதல் பாட்டு. அந்தப் பாட்டுதான் கம்பெனி பஸ்ஸில் தினமும் ஓடுகிறது.

அந்த நால்வரின் கவிதைகளை லட்சுமி ஹோம்ஸ்ட்ராம் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து, 2012-ல் ‘வைல்ட் கேர்ள்ஸ், விக்கெட் வேர்ட்ஸ்’ என்ற தொகுப்பாகக் கொண்டுவந்தார்.

நால்வரில் சுகிர்தராணியின் இடம் கொஞ்சம் வேறு. அவர் எழுதும் உடலுக்குச் சாதியும் இருக்கிறது. பெண் என்பதால் ஒரு அடி, தலித் பெண் என்பதால் இன்னொரு அடி. இரண்டையும் தனித்தனியாகப் பிரித்து எழுத அவர் கவிதையில் இடமில்லை. காதலைப் பற்றி எழுதினாலும் அது யாருடைய காதல், எந்தத் தெருவிலிருந்து எந்தத் தெருவுக்குப் போகிற காதல் என்கிற கேள்வி கூடவே வந்துவிடுகிறது. 2010-ல் வந்த தொகுப்பின் பெயரே ‘தீண்டப்படாத முத்தம்’.

மேல்கட்டிலில் படுத்து, போன் வெளிச்சத்தைக் குறைத்து வைத்துக்கொண்டு அவள் கிடைத்த கவிதைகளையெல்லாம் படித்தாள். சிலவற்றைப் படிக்கவே கூச்சமாக இருந்தது. யாராவது எட்டிப் பார்த்துவிடுவார்களோ என்று போனைத் திருப்பி வைத்தாள். ஆனால் உடம்பு என்பது அவளுக்கு அன்றாடச் சங்கதி. லைனில் எட்டு மணி நேரம் நின்றபடி வேலை. உள்ளே போகும்போதும் வெளியே வரும்போதும் செக்கிங். பாத்ரூம் போக வேண்டுமென்றால் லைன் லீடரிடம் சொல்லி, மாற்று ஆள் வந்த பிறகுதான் நகர முடியும். விடுதிக்கு வந்தால் வார்டனிடம் கையெழுத்து. ஊருக்குப் போனால், ‘எப்ப கல்யாணம்?’ தன்னுடைய உடம்பு தன்னுடையது என்று ஒருத்தி எழுதினால் அது ஏன் இத்தனை பேருக்குக் கோபம் வர வைக்கிறது என்பது, அதைச் சொந்தமாக வைத்துக்கொள்ள முடியாதவர்களுக்குச் சட்டென்று புரியும்.

இந்தச் சாலையில் அவளைப் போல எத்தனை பேர்! 1990-களின் கடைசியில் இருங்காட்டுக்கோட்டையில் கார் ஆலை வந்தது. அடுத்தடுத்து ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், வல்லம் வடகால் என்று சிப்காட் நீண்டுகொண்டே போனது. கார், டயர், பைக், செல்போன். இந்தியத் தொழிற்சாலைகளில் வேலை பார்க்கும் பெண்களில் ஐந்தில் இருவருக்கு மேல் தமிழ்நாட்டில்தான் இருக்கிறார்கள். வல்லம் வடகாலில் 706.50 கோடி ரூபாயில் 18,720 படுக்கைகளோடு பெண்களுக்கென்று கட்டிய குடியிருப்பு 2024 ஆகஸ்ட்டில் திறக்கப்பட்டது. ஊரில் ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்காத தெருக்களின் பெண்கள், இங்கே ஒரே அறையில் ஒரே பக்கெட்டைப் பயன்படுத்துகிறார்கள். இது சின்ன விஷயம் இல்லை. ஆனால் கொலசாமிக் கேள்வியும் பஸ் ஏறிக் கூடவே வந்துவிடுகிறது.

2025 ஏப்ரலில், ‘காலனி’ என்ற சொல் அரசு ஆவணங்களிலிருந்தும் பொதுப் புழக்கத்திலிருந்தும் நீக்கப்படும் என்று முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். அந்தச் செய்தியை அறையில் யாரோ சத்தமாகப் படித்தார்கள். “நல்லதுதானே” என்றார் தென்காசி அக்கா. அவளும் “ஆமாக்கா” என்றாள். அதற்கு மேல் ஒன்றும் பேசவில்லை.

சுகிர்தராணியைத் தேடும்போது கூடவே இரண்டு செய்திகளும் கிடைத்தன. ஒன்று, 2021 ஆகஸ்ட். டெல்லி பல்கலைக்கழகத்தின் பி.ஏ. ஆங்கில இலக்கியப் பாடத்திட்டத்திலிருந்து மகாஸ்வேதா தேவியின் ‘திரௌபதி’ கதையோடு பாமா, சுகிர்தராணி இருவரின் எழுத்துகளும் நீக்கப்பட்டன. கல்விக் குழுவில் 15 உறுப்பினர்கள் எதிர்த்துக் குறிப்பு எழுதியும் பலனில்லை. நீக்கப்பட்ட சுகிர்தராணி கவிதைகள் இரண்டு: ‘கைம்மாறு’, ‘என் உடல்’. முதலாவது, மனிதக் கழிவைக் கையால் அள்ள வைக்கப்பட்ட பெண்ணைப் பற்றியது. கழிவைப் பெண் கையில் கொடுக்கலாம், அதைக் கவிதையில் எழுதி வகுப்பில் படித்தால்தான் அசிங்கம் போலிருக்கிறது.

இன்னொன்று, 2023 பிப்ரவரி. ஒரு ஆங்கில நாளிதழ் குழுமத்தின் ‘தேவி’ விருதுக்குத் தேர்வான 12 பெண்களில் சுகிர்தராணியும் ஒருவர். தலித் இலக்கியப் பங்களிப்புக்காக. நிகழ்ச்சியின் முக்கிய விளம்பரதாரர் அதானி குழுமம் என்று தெரிந்ததும், அந்த நிதி உதவியில் நடக்கும் விழாவில் விருது வாங்குவது தன் எழுத்துக்கும் அரசியலுக்கும் பொருந்தாது என்று சொல்லி மறுத்துவிட்டார். முகநூலில் ஒரு பதிவு, அவ்வளவுதான்.

இந்த இரண்டாவது செய்திதான் அவளை யோசிக்க வைத்தது. டீச்சருக்கு மாதம் பிறந்தால் அரசாங்கச் சம்பளம். வேண்டாம் என்று சொல்ல முடியும். கான்ட்ராக்டில் இருப்பவள் எதை வேண்டாம் என்று சொல்வது? ஒரு நாள் லீவு போட்டாலே அட்டெண்டன்ஸ் போனஸ் போய்விடும்.

இதை அவள் அக்காவிடம் வேறு மாதிரிச் சொன்னாள். “ஒரு டீச்சர் பெரிய அவார்ட வேணாம்னு சொல்லிட்டாங்களாம்க்கா. நம்மளால எல்லாம் முடியுமா?”

அக்கா துணி மடித்துக்கொண்டே சொன்னார். “ஏன் முடியாது? நாங்க உட்காரலையா ரோட்டுல?”

2021 டிசம்பர். வேறொரு விடுதியில் சாப்பாடு ஒத்துக்கொள்ளாமல் 150-க்கும் மேற்பட்ட பெண் தொழிலாளர்கள் மருத்துவமனைக்குப் போனார்கள். தோழிகளுக்கு என்ன ஆனது என்றே சரியாகத் தெரியாத நிலையில், சுங்குவார்சத்திரத்தில் பெண்கள் சென்னை - பெங்களூரு நெடுஞ்சாலையை மறித்து உட்கார்ந்தார்கள். இரவு, பனி, போலீஸ். அக்கா அந்தக் கூட்டத்தில் இருந்திருக்கிறார். வீட்டுக்கு இன்றுவரை தெரியாது. “எங்கய்யாவுக்குத் தெரிஞ்சா அன்னைக்கே வண்டி பிடிச்சு வந்து கூட்டிட்டுப் போயிருப்பாரு.”

அக்காவிடமும் மறைக்க ஒன்று இருக்கிறது என்பது அவளுக்கு அன்றுதான் தெரிந்தது.

போனை எடுத்து அந்தக் கவிதையைக் காட்டினாள். அக்கா படித்தார். கடைசி வரி வந்ததும் நிமிர்ந்து பார்த்தார். அவள் சொன்னாள்: “எங்கப்பா டேனரில தோல் தூக்குறாருக்கா. நாங்க காலனி.”

தயங்காமல் எல்லாம் சொல்லவில்லை. தொண்டை அடைத்தது. மேல்கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டிருந்தாள். அறையில் இன்னும் இரண்டு பேர் இருந்தார்கள். மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. அக்கா கொஞ்ச நேரம் கழித்து, “சரி, படு. நாலரைக்கு எந்திரிக்கணும்” என்றார். போனைத் திருப்பிக் கொடுத்தார்.

ஞாயிற்றுக்கிழமை அம்மாவிடம் சொன்னபோது அந்தப் பக்கம் நீண்ட நேரம் பேச்சே இல்லை. பிறகு, “ஏன்டி சொன்ன? எதாவது பேசுனாங்களா?” என்றார். இல்லை என்றாள். “ரூம் மாத்திக்கச் சொன்னாங்களா?” இல்லை. “சாப்பாடு?”

அதற்கு அவளால் உடனே பதில் சொல்ல முடியவில்லை.

ஊறுகாய் பாட்டில் இப்போதும் நடு ஷெல்ஃபில்தான் இருக்கிறது. தருமபுரிப் பெண் வழக்கம்போல விரலாலேயே எடுத்துத் திட்டு வாங்குகிறாள். எதிர்க்கட்டிலில் இருப்பவள் மட்டும் உள்ளூர்க் கடையில் வேறு ஊறுகாய் வாங்கி வைத்திருக்கிறாள். வயிற்றுக்கு ஒத்துக்கொள்ளவில்லையாம். தென்காசி அக்கா முதல் இரண்டு நாள் தொடவில்லை. மூன்றாம் நாள் காலை ஷிப்டுக்குக் கிளம்பும் அவசரத்தில், தயிர்சாத டப்பாவைத் திறந்து நீட்டினார்.

“ரெண்டு துண்டு போடு. மாங்காயாப் பாத்துப் போடு, வெறும் மசாலாவ வழிச்சுப் போடாத.”