பனிக்குள் ஒரு மனை

மார்கழி முடிந்து தை பிறக்கும் நாட்களில், விடியற்காலையில் கல்கத்தாவின் கிழக்கு விளிம்பில் நின்றவர்களுக்குத்தான் அந்தப் பனி எத்தகையதென்று தெரியும். (ஊரின் பெயர் 2001இல் கொல்கத்தாவாகிவிட்டது, எங்கள் வாய்க்கு இன்னும் கல்கத்தாதான்.) புறவழிச் சாலையின் விளக்குகளில் இரண்டோ மூன்றோதான் கண்ணுக்குத் தட்டுப்படும். அப்பால் எல்லாம் வெண்மை. நீர் எங்கே முடிகிறது, கரை எங்கே தொடங்குகிறது என்பதைக் காலால் தடவித்தான் அறிய வேண்டும். அந்த வெண்மைக்குள்ளிருந்து தண்ணீரைக் கையால் அறையும் ஓசை மட்டும் வரும். அலுமினியக் குடங்களில் உயிர்மீனைச் சந்தைக்குக் கொண்டுபோகிறவர்கள், மீன் மூச்சடைத்துச் சாகாதிருக்க ஓயாமல் நீரை அலைத்துக்கொண்டே போவார்கள்.

2009 ஜனவரியில் அப்படியொரு காலையில்தான் நானும் என் மனைவியும் மனை பார்க்கப் போனோம். ஓய்வுபெற்ற கையில் கொஞ்சம் பணம் இருந்தது. தரகர் எங்களை ஒரு மேட்டில் நிறுத்தி, "நாலு கட்டா, கெட்டியான பூமி" என்றார். காலடியில் மண் கெட்டியாகத்தான் இருந்தது. சுற்றிலும் என்ன இருக்கிறதென்று தெரியவில்லை. தெரியாததைப் பற்றி நாங்கள் கேட்கவுமில்லை. நாற்பதாயிரம் ரூபாய் முன்பணம் கொடுத்தேன்.

திரும்பும் வழியில் மதகடியில் ஒரு கிழவர் உட்கார்ந்து பீடி பிடித்துக்கொண்டிருந்தார். காவேரிப் பாசனத்தில் பிறந்தவனுக்கு மதகைக் கண்டால் கால் தானே நின்றுவிடும். பேச்சுக் கொடுத்தேன். நாங்கள் வந்த காரியத்தைச் சொன்னதும் அவர் கோபிக்கவில்லை. "தாதா, போன வருஷம் அந்த இடத்தில் நான் வலை வீசினேன். பனி விலகியதும் ஒருமுறை வந்து பாருங்கள்" என்று மட்டும் சொன்னார்.

அடுத்த சனிக்கிழமை நடுப்பகலில் தனியே போனேன். மூன்று புறமும் நீர். நடுவே இடித்த செங்கல்லும் சாம்பலும் கொட்டி மேடாக்கிய ஒரு திட்டு. அதன்மேல்தான் நாங்கள் நின்றிருக்கிறோம்.

அதன் பிறகே அந்தப் பகுதியைப் பற்றித் தேடிப் படித்தேன். முப்பதாண்டு இந்த ஊரில் உண்டு உறங்கியவன் அதுவரை படிக்காதது வெட்கந்தான். ஹூக்ளி நதி நகரத்துக்கு மேற்கே ஓடுகிறது. நிலமோ கிழக்கே சரிகிறது. ஆகவே நம் வீட்டு அங்கணத்து நீர் நதிக்குப் போவதில்லை, கிழக்கேதான் போகிறது. ஒரு காலத்தில் வித்யாதரி என்னும் ஓதமேறும் ஆறு அதைக் கடலுக்குக் கொண்டுபோயிற்று. வண்டல் தூர்ந்து அந்த ஆறு மாண்டுவிட்டதாக 1928இல் அரசே அறிவித்தது. ஆறு போனபின் உவர்நீர் வரத்தும் நின்றது. கரையோரத்து மக்கள் கழிவுநீரை அளவாகப் பாய்ச்சி அதில் மீன் வளர்க்கக் கற்றுக்கொண்டார்கள். இந்தக் குளங்களுக்கு 'பேரி' என்று பெயர்.

முகம் சுளிக்க வேண்டாம். குளத்தை வடித்து, வெயிலில் காயவிட்டு, சேற்றைக் கிளறி, சுண்ணாம்பு தூவி, பிறகே நீரை விடுவார்கள். ஆழம் குறைவாதலால் வெயில் அடிவரை இறங்கும், பாசி தழைத்து நீரில் பிராணவாயு பெருகும், நோய்க்கிருமிகள் மடியும், நுண்ணுயிர்களைத் தின்று கட்லாவும் ரோகுவும் மிருகாலும் கொழுக்கும். ஆகாயத்தாமரையை நாம் பீடையென்று பிடுங்குகிறோம். இவர்கள் கரையோரம் மூங்கில் கட்டி அதை வளர்க்கிறார்கள். அலை கரையை அரிக்காமல் அது காக்கிறது, நீரிலுள்ள உலோக நஞ்சையும் உறிஞ்சிக்கொள்கிறது. நாளொன்றுக்குச் சுமார் 75 கோடி லிட்டர் கழிவுநீர் இவ்வாறு இயந்திரம் எதுவுமின்றித் தெளிகிறது. இதை ஊருலகுக்கு எடுத்துச் சொன்னவர் துருபஜோதி கோஷ் என்ற அரசாங்கப் பொறியாளர், 2018இல் காலமானார். 2002இல் 12,500 ஹெக்டேர் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது. 2006இல் தனிச்சட்டமும் வந்தது. அந்தச் சட்டம் வந்த மூன்றாம் ஆண்டில்தான் எனக்குக் "கெட்டியான பூமி" காட்டப்பட்டது.

தரகரிடம் போனேன். பத்திரத்தில் வயல் என்றுதான் இருக்கிறது, நீங்கள் வாங்காவிட்டால் வேறொருவர் வாங்குவார் என்றார். இரண்டாவது சொன்னது உண்மையென்று எனக்கும் தெரியும். முன்பணம் திரும்பவில்லை. வீட்டில் ஒரு வாரம் பேச்சில்லை. பிறகு என் மனைவி, "நாம் இப்போது இருக்கிற வீடு மட்டும் எதன்மேல் நிற்கிறதாம்?" என்று கேட்டாள். அப்போது நாங்கள் உப்பேரி நகரில் வாடகைக்கு இருந்தோம். 1962இல் தொடங்கி ஹூக்ளியின் வண்டலைக் குழாய் வழியே கொணர்ந்து, ஏரியைத் தூர்த்து எழுப்பிய நகரம் அது. சதுப்புநிலக் கீரி ஒன்றை விலங்கியலார் 1965இல் தனியினமாக விவரித்ததும் அந்த உப்பேரிகளிலிருந்துதான். அவள் கேட்டதற்கு என்னிடம் பதில் இல்லை, இன்றும் இல்லை.

மனை வாங்கும் பேச்சு அத்தோடு நின்றது. இப்போது லேக் மார்க்கெட் பக்கம் ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாம் மாடியில் இருக்கிறோம். கிழவரைத் தேடி இருமுறை போனேன். மதகு இருந்தது, அவர் இல்லை. திட்டின்மேல் யாரோ தகரக் கொட்டகை போட்டிருந்தார்கள்.

அந்த ஈரநிலத்தின் ஓரத்தில் தாப்பா என்னுமிடத்தில், நகரத்துக் குப்பை மக்கிய மண்ணில், காலிப்பூவும் கீரையும் விளைகின்றன. மீன் தொடாத நம் வீட்டுச் சாம்பாருக்கும் குளிர்காலத்தில் அந்தத் தோட்டம்தான் படியளக்கிறது. காய்க்காரன் கூடையை இறக்கியதும் என் மனைவி ஒரு பூவைக் கையில் தூக்கிப் பார்ப்பாள். "நாற்பதாயிரம் ரூபாய்ப் பக்கத்திலிருந்து வந்ததா, கேளுங்கள்" என்பாள்.