இரண்டு நோட்டிலும் எங்கள் வீடு

கணம், சேர்ப்பு, வெட்டு என்றதும் பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள் நண்பர்களே! உசிலம்பட்டிப் பக்கம் எங்கள் ஊரில் பங்குனிப் பொங்கலுக்கு வரி பிரித்த கதைதான் இது.

மல்லி போடும் வீடு 46, கறவை மாடு உள்ள வீடு 58. இரண்டு நோட்டு, வசூலுக்கு இரண்டு ஆள், பெயருக்கு 500 ரூபாய். மதுரை மல்லிக்கு 2013-ல் புவிசார் குறியீடு கிடைத்தது; பேர் பெரிசு, ஆனால் மார்கழிப் பனியில் பூ ஏது? எங்களுக்குப் பூவும் உண்டு, மாடும் உண்டு. ஆக 1,000. என் பரீட்சைக்கு எடுத்து வைத்த பணமே அவ்வளவுதான். "படிக்கிற பிள்ளை, நீயே போய்க் கேளுடா" என்றாள் அம்மா. எங்கள் வீட்டில் நோட்டைப் படிக்கத் தெரிந்தவன் நான் ஒருத்தன்தானே.

சாவடியில் கேட்டேன்: "பெரியப்பா, 46-ம் 58-ம் 104. ஊரே 85 தலைக்கட்டுதானே?" அதிலும் பூவும் மாடும் இல்லாத வீடு 5. மிச்சம் 80. 104-ல் 80 போனால் 24. அந்த 24 வீட்டையும் இரண்டு தடவை எண்ணியிருக்கிறார்கள்.

பெரியப்பா நம்பவில்லை, புளியங்கொட்டை கொண்டுவரச் சொன்னார். பூ மட்டும் 22, மாடு மட்டும் 34, இரண்டும் 24 என்று தரையில் குவித்துக் கூட்டினோம். 80! ஜான் வென் 1880-ல் வட்டம் போட்டுக் காட்டியதும் இதைத்தான். (மூன்று பிரிவென்றால், இரண்டிரண்டில் சேர்ந்ததைக் கழித்துவிட்டு, மூன்றிலும் இருப்பதைத் திரும்பக் கூட்டணும். டிராயிங் ஹாலுக்கு வாங்க, சொல்லித் தருகிறேன்.)

வீட்டுக்கு 500 என்று முடிவானது. 52,000 என்று போட்ட வரவு 40,000 ஆனதில் கரகாட்டம் ரத்து. அந்தக் கோபத்தில் என் வயசுப் பையன்கள் இன்னும் என்னோடு பேசுவதில்லை.