தண்ணீர் கேட்கும் தரை

ஹொக்கி ஆட்டம் தொடங்கமுன் மைதானத்துக்குத் தண்ணீர் அடிப்பார்கள் என்றால் யாழ்ப்பாணத் தீவகத்தில் எங்கள் ஊரான மண்கும்பானில் யாரும் வியக்கமாட்டார்கள், புல்லுக்குத்தானே என்பார்கள். புல் இல்லை, பிளாஸ்ரிக் விரிப்பு என்று சொன்னால்தான் வில்லங்கம். எங்கள் பக்கத்தில் நல்ல தண்ணீர் என்பது மணலுக்கடியில் மழை விட்டுப்போன கொஞ்சம். பூவல் என்ற குழி தோண்டி அள்ளவேண்டும்; ஆசைப்பட்டுக் கூட இறைத்தால் உவர் ஏறிவிடும். அதைப் பிளாஸ்ரிக்குக்கு ஊற்றுவதா?

ஊற்றத்தான் வேண்டும். விரிப்பு நனைந்திருந்தால் பந்து துள்ளாமல் வழுக்கி ஓடும்; விழுகிறவனின் முழங்கால் தோலும் தப்பும். 1976இல் மொன்றியலில்தான் இந்தச் செயற்கை விரிப்பு முதன்முதலாக ஒலிம்பிக்குக்கு வந்தது. 1928 முதல் பதக்கமில்லாமல் திரும்பியறியாத இந்தியா அங்கே ஏழாம் இடத்துக்குப் போனது. முந்தைய வருடந்தான் கோலாலம்பூர்ப் புல்தரையில் பாகிஸ்தானை 2-1 என்று வென்று உலகக் கிண்ணத்தை எடுத்திருந்தார்கள். மலாயாவில் உத்தியோகம் பார்த்த என் பெரியப்பா பென்சனோடு ஊருக்கு வந்தபின்னும் அந்த இறுதியாட்டத்தை விடவில்லை. அணியில் தமிழ்நாட்டு வி. ஜே. பிலிப்ஸ் இருந்தது அவருக்குத் தனிப் பெருமை. "தரையை மாத்தி எங்கடையளைக் கவிட்டுப்போட்டாங்கள், தம்பி" என்பார். 1980இல் வாசுதேவன் பாஸ்கரன் தலைமையில் மொஸ்கோவில் செயற்கைத் தரையிலேயே தங்கம் வென்றதைச் சொன்னால், "பெரிய ரீமுகள் வரேல்லையே" என்று கதையை முடித்துவிடுவார்.

பெரியப்பா சொன்னது பாதி சரி. மிச்சப் பாதிக்கு என்னிடமிருந்த பதில் தனராஜ் பிள்ளை.

1968இல் பூனாவுக்குப் பக்கத்துக் கட்கியில் பிறந்து, வெடிமருந்துத் தொழிற்சாலைக் குடியிருப்பில் வளர்ந்த தமிழ்ப் பிள்ளை. தகப்பன் நாகலிங்கத்துக்கு மைதானம் பராமரிக்கும் வேலை. (நாகலிங்கம்! எங்கள் தீவுகளில் வேலிக்கு வேலி கேட்கிற பெயர்.) உடைந்த மட்டையைக் கயிற்றால் சுற்றிக் கட்டிச் சேற்றுத் தரையில் பழகியவர், 1989இல் இந்திய அணிக்குள் வந்து, 15 வருடம் அந்த நனைந்த விரிப்பில் ஓடினார். நான்கு ஒலிம்பிக், நான்கு உலகக் கிண்ணம், நான்கு ஆசிய விளையாட்டு விழா. முன்னூறுக்கு மேற்பட்ட ஆட்டங்கள். அவர் அடித்த கோல்களுக்கோ ஒழுங்கான கணக்கே இல்லை. இந்திய ஹொக்கிச் சங்கம் எழுதி வைக்கவில்லை. கிரிக்கெட்காரன் தும்மினாலும் குறித்து வைக்கிற நாட்டில் இப்படி.

1998இல் பாங்கொக்கில் அவர் தலைமையில் ஆசியத் தங்கம் வந்தது, 32 வருடத்துக்குப் பிறகு. ஊர் திரும்பியதும் அவரையும் வேறு ஆறு பேரையும் அணியிலிருந்து எடுத்துவிட்டார்கள். வாய் சும்மா இராது அவருக்கு. வீரர்களுக்குக் காசு கொடுங்கள் என்று பகிரங்கமாகக் கேட்டவர். கோபக்காரன் என்று எழுதினார்கள். கோபப்படாமல் எப்படி இருந்திருப்பார் என்று யாரும் எழுதியதாக ஞாபகம் இல்லை.

சிட்னி ஒலிம்பிக், 2000. ஊரைவிட்டு வந்து கொழும்பு வெள்ளவத்தையில் லொட்ஜ் ஒன்றில் கிடந்த காலம். பொதுக்கூடத்துச் சின்னத் தொலைக்காட்சியில் போலந்துடன் ஆட்டம். வென்றால் அரையிறுதி. நீளத் தலைமயிர் பறக்கத் தனராஜ் ஓடுகிறார். இந்தியா 1-0 முன்னிலை. முடிய இரண்டு நிமிடமும் இல்லாத நேரத்தில் போலந்து சமன் செய்தது. கூட இருந்த புங்குடுதீவு ஐயா ஒருவர், "நாலிலை ஒண்டு எண்டாலும் கிடைக்கக்கூடாதா இந்தப் பெடியனுக்கு" என்றார். அது அவருக்கு மூன்றாவது ஒலிம்பிக்தான். நாலாவது 2004இல் ஏதென்ஸில். அதிலும் ஏழாம் இடம். ஒலிம்பிக் பதக்கம் இல்லாமலே ஓய்ந்தார்.

பெரியப்பா இருந்திருந்தால் தரைதான் காரணம் என்று திரும்பத் தொடங்கியிருப்பார். நான் ஒப்பமாட்டேன். போலந்தும் அதே விரிப்பில்தானே ஓடியது? அங்கே வீட்டுக்குப் பக்கத்தில் அப்படி ஒன்று எத்தனை பிள்ளைகளுக்கு இருந்தது, கட்கியில் எத்தனை பேருக்கு இருந்தது என்பதுதான் கேள்வி.

இப்போது சர்வதேசச் சம்மேளனம் தண்ணீர் வேண்டாத விரிப்புக்கு மாறப் பார்க்கிறது. வந்தால் எங்கள் ஊருக்குப் பக்கத்துச் சாட்டியில் ஒன்றை விரிக்கலாம், கிணறுகளுக்குச் சேதமில்லை. மணலைக் கிளறாமல் விரிக்கவேண்டும், அவ்வளவுதான்.