எழுவாய் இல்லாத தாமதம்

'இன்ஃப்ரக்சுவஸ்.' நீதிமன்ற உத்தரவுகளை மொழிபெயர்க்கும்போதெல்லாம் என் பேனா தயங்கி நிற்கும் சொல் இது. கேட்ட நிவாரணத்தைத் தருவதற்கான வேளை போய்விட்டது, ஆகவே வழக்கு முடிக்கப்படுகிறது என்று பொருள். தமிழில் 'மனு பயனற்றுப் போனது' என்று எழுதுகிறோம். நானும் அப்படித்தான் எழுதுகிறேன், மனசில்லாமல். இந்த வாக்கியத்தில் எழுவாய் மனு. காலத்தைக் கடத்தியவருக்கு அதில் இடமே இல்லை. குற்றம் என்னவோ மனுப் போட்டவருடையது போலத் தொனிக்கிறது.

வடமாலபேட்டையில் எங்கள் பக்கத்து வீட்டு அக்கா பள்ளி ஆசிரியை. தொலைவில் ஓர் ஊருக்கு மாற்றியதை எதிர்த்து வழக்குப் போட்டார். வழக்கு வரிசையில் நின்றது. அக்கா தினமும் இரண்டு பஸ் மாறிப் போய் வந்து, அந்தப் பள்ளியிலேயே ஓய்வும் பெற்றார். பிறகுதான் உத்தரவு வந்தது. ஆங்கிலக் காகிதத்தை என்னிடம் நீட்டி, "கெலிச்சானா, ஓடிப்போயானா?" என்று கேட்டார். ஜெயித்தேனா, தோற்றேனா? இரண்டும் இல்லை என்பதை எனக்குத் தெலுங்கிலும் சொல்லத் தெரியவில்லை.

பெயர் பெற்றவர்களின் வழக்குகளும் இப்படி முடிவதுண்டு. 2019 செப்டம்பர் 15 அன்று சென்னையில் நடந்த அண்ணா பிறந்தநாள் விழாவுக்கு ஃபரூக் அப்துல்லாவை அழைத்திருந்தார் வைகோ. ஆகஸ்ட் 5 முதல் ஃபரூக் ஸ்ரீநகரில் வீட்டை விட்டு வெளியே வர முடியவில்லை. வைகோ உச்ச நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டார். விழாவுக்கு ஆளை வரவழைக்க இப்படி ஒரு மனுவா என்று சிரிக்கத் தோன்றலாம். ஆனால் அதற்குள் கனமான கேள்வி ஒன்று இருந்தது: எந்தச் சட்டத்தின் கீழ் அவரை அடைத்து வைத்திருக்கிறீர்கள்?

மனு விசாரணைக்கு வந்தது செப்டம்பர் 16. விழா முந்தின நாளே முடிந்துவிட்டது. அதைவிட முக்கியம், விசாரணைக்குச் சற்று முன் பொதுப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் ஃபரூக் மீது முறைப்படி உத்தரவு போடப்பட்டிருந்தது. செப்டம்பர் 30 அன்று, மனுவில் இனி விசாரிக்க ஒன்றும் இல்லை, வேண்டுமானால் புதிய உத்தரவை எதிர்த்து முறையிடலாம் என்று சொல்லி நீதிமன்றம் முடித்துவிட்டது. அதற்கு முந்தைய ஆறு வாரக் காவலுக்கு எது சட்டம் என்ற கேள்வி பதில் இல்லாமலே நின்றது. ஃபரூக் விடுவிக்கப்பட்டது 2020 மார்ச் 13 அன்று.

செத்த கேள்விகளுக்கு நீதிபதிகள் உழைக்க முடியாதுதான். ஆனால் கேள்வி தானாகச் செத்ததா, சாகும்வரை காக்க வைக்கப்பட்டதா என்று பார்க்க வேண்டாமா? அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1973இல் ரோ எதிர் வேட் வழக்கில் அப்படிப் பார்த்தது. மேல்முறையீடு முடிவதற்குள் பிரசவமே ஆகிவிடும். அதற்காக வழக்கைத் தள்ளினால் எந்தக் கர்ப்பிணியின் வழக்கும் தீர்ப்பைக் காணாது என்றது. அது தந்த கருக்கலைப்பு உரிமை 2022இல் பறிக்கப்பட்டுவிட்டது. காலம் பற்றிய அந்த வாதம் இன்னும் செல்லுபடியாகிறது.

அதே 2022இல், ஆகஸ்ட் 30 அன்று, பாபர் மசூதி இடிப்பு தொடர்பான அவமதிப்பு வழக்கை நம் உச்ச நீதிமன்றம் முடித்து வைத்தது. 2019 அயோத்தித் தீர்ப்புக்குப் பின் அதில் ஒன்றும் மிச்சமில்லை என்பது காரணம். இடிப்பு நடந்தது 1992இல். மனுதாரர் 2010இலும், எதிர்த்தரப்பில் இருந்த கல்யாண் சிங் 2021இலும் காலமாகியிருந்தார்கள்.